கார்டு பில்லில் தெரியாத பெயர்

ஆம்பூரில் ஷூ கம்பெனி வேலை முடிந்து வீடு திரும்பும் ஒருவர், கிரெடிட் கார்டு பில்லைத் திறக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். ‘அவென்யூ சூப்பர்மார்ட்ஸ்’ என்று ஒரு வரி. பக்கத்தில் 1,840 ரூபாய். அப்படியொரு கடையையே அவர் பார்த்ததில்லை. நெஞ்சு திக்கென்கிறது.

டி-மார்ட் கடைகளை நடத்தும் நிறுவனத்தின் பெயர்தான் அது. ஜூடியோவில் சட்டை எடுத்தவருக்கு ‘ட்ரென்ட்’ என்று வரலாம். கடைப் பலகையில் ஒரு பெயர், பில்லில் பதிவுப் பெயர். வேலூரில் வாங்கிய பொருளுக்குத் தலைமையகம் இருக்கும் ஊரின் பெயர்கூட வரும். ஆகவே முதலில் தேதியையும் தொகையையும் பழைய ரசீதோடு ஒப்பிட வேண்டும். வீட்டில் வேறு யாராவது அந்தக் கார்டைத் தேய்த்தார்களா என்றும் கேட்க வேண்டும்.

அப்படியும் கணக்கு புரியவில்லையா? அன்றே கார்டை முடக்கி, வங்கியில் புகார் செய்து, புகார் எண்ணைக் குறித்துக்கொள்வது அவசியம். ரிசர்வ் வங்கி 2017 ஜூலை 6-ல் வெளியிட்ட சுற்றறிக்கை வாடிக்கையாளருக்குப் பெரிய பாதுகாப்பு. வாடிக்கையாளர் மீதும் வங்கி மீதும் தவறில்லாமல் வெளியாள் செய்த மோசடி என்றால், வங்கியின் தகவல் கிடைத்த 3 வேலை நாட்களுக்குள் சொன்னவருக்கு நஷ்டமே கிடையாது. புகார் வந்த 10 வேலை நாட்களுக்குள் வங்கி அந்தத் தொகையைக் கணக்கில் வரவு வைக்க வேண்டும். 90 நாட்களுக்குள் புகாரை முடிக்க வேண்டும். தவறு வாடிக்கையாளருடையது என்றால், அதை நிரூபிக்கும் பொறுப்பும் வங்கிக்கே.

ஓ.டி.பி.யைச் சொல்லிவிட்டவருக்கு நிலைமை வேறு: புகார் செய்யும்வரை போன பணம் அவருடைய நஷ்டம். அவர் உடனே அழைக்க வேண்டிய சைபர் குற்ற உதவி எண் 1930.