நாணயமும் வில்லையும்
(பத்தாம் ஆண்டு நிறைவு விழாவில் ஆற்றிய உரை)



பத்தாண்டு நிறைவு காணும் நம் வட்டத்தில் கவிதையைப் பற்றிப் பேசியிருக்கிறோம். காப்பியத்தைப் பற்றிப் பேசியிருக்கிறோம். இன்று கணிப்பொறிக்குள் பிறந்த ஒரு பணத்தைப் பற்றியும், அதனைச் சூழ்ந்து வளர்ந்துள்ள பொருளாதாரத்துக்குத் தமிழில் என்ன பெயர் இடுவது என்பது பற்றியும் பேச வந்திருக்கிறேன். கவிஞர் அவையில் இதற்கு என்ன வேலை என்று சிலர் எண்ணக்கூடும். பொருளைப் பற்றிப் பேசும் உரிமை புலவனுக்கு இல்லையென்றால் வேறு யாருக்கு உண்டு? தொல்காப்பியத்தில் பொருளதிகாரம் உண்டு. திருக்குறளில் பொருட்பால் உண்டு. முன்னதில் பொருள் என்பது பாடலின் பொருள். பின்னதில் அரசும் செல்வமும் அடங்கிய பொருள். சொல்லின் பயனுக்கும் கையில் உள்ள செல்வத்துக்கும் ஒரே பெயரை வைத்த மொழி நம்முடையது. ஆகவே புதிய செல்வம் ஒன்று வந்து வாயிலில் நிற்கும்போது, அதற்கு இடும் பெயரைச் சோதித்துப் பார்ப்பது நம் கடமை.

முதலில் ஆங்கிலச் சொல்லைப் பார்ப்போம். 'கிரிப்டோ எகானமி' என்கிறார்கள். 'கிரிப்டோ' என்பது மறைந்தது எனப் பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. 'எகானமி' என்பதும் கிரேக்கமே. இல்லத்தை நடத்தும் முறை என்பது அதன் முதற்பொருள். இந்தச் சொற்குடும்பத்தில் மூன்று உறுப்பினர் உண்டு. மூவரையும் ஒருவராகக் கொள்வதால் குழப்பம் நேர்கிறது. 'கிரிப்டோ எகானமி' என்பது இப்பணங்களைக் கொண்டு நடக்கும் கொடுக்கல் வாங்கல் அனைத்தையும் குறிக்கும், இது பொருளாதாரம். 'கிரிப்டோ எகனாமிக்ஸ்' என்பது, ஒருவரையொருவர் அறியாத பலர் ஒரு கணக்கைப் பிழையின்றிக் காத்து வருமாறு ஊதியமும் இழப்பும் வகுக்கும் கலை, இது பொருளியல். மூன்றாவது 'டோக்கனாமிக்ஸ்'. ஒரு குறிப்பிட்ட டோக்கன் எத்தனை வெளியிடப்படும், யாருக்கு எவ்வளவு, எப்போது என்னும் பங்கீட்டு விவரம் அது. ஆதாரம், இயல், பங்கீடு என மூன்றையும் பிரித்துக் காட்டும் வசதி தமிழில் உண்டு. ஆனால் நம் இதழ்கள் மூன்றையும் 'கிரிப்டோ' என்ற ஒரே ஒலிக்குள் அடக்கிவிடுகின்றன.

இதன் செயல்முறையைச் சுருக்கமாகச் சொல்வேன். 2008 அக்டோபர் 31ஆம் நாள், சதோஷி நகமோட்டோ என்ற பெயரில் ஒன்பது பக்கக் கட்டுரை ஒன்று வெளியாயிற்று. அப்பெயருக்கு உரியவர் யார் என்பது இன்றளவும் வெளிப்படவில்லை. வங்கி என்னும் இடையாள் இல்லாமல் ஒருவர் மற்றொருவருக்கு மின்வழியே பணம் செலுத்தும் முறையை அக்கட்டுரை வகுத்தது. 2009 சனவரி 3ஆம் நாள் அம்முறையின் முதற் பதிவு எழுதப்பட்டது. ஒரு பேரேடு, அதன் படி உலகெங்கும் ஆயிரக்கணக்கான கணிப்பொறிகளில். ஏறத்தாழப் பத்து நிமிடத்துக்கு ஒருமுறை புதிய பக்கம் சேரும். பக்கத்தைச் சேர்க்கும் உரிமைக்குக் கணிப்பொறிகள் போட்டியிடும்; வென்றவருக்குப் புதிய பிட்காயின் ஊதியம். தொடக்கத்தில் 50ஆக இருந்த ஊதியம், ஏறத்தாழ நான்காண்டுக்கு ஒருமுறை பாதியாகி, 2024 ஏப்பிரலில் 3.125 ஆயிற்று. மொத்தம் 2 கோடியே 10 இலட்சத்துக்கு மேல் பிறக்காது என்பது விதி.

இனித் தமிழுக்கு வருவோம். 'மறையீட்டு நாணயம்', 'குறியாக்க நாணயம்', 'மெய்நிகர் நாணயம்' எனப் பல வழங்குகின்றன. இவற்றில் இரண்டு சொற்களை நிறுத்தி விசாரிக்க வேண்டும். ஒன்று மறை, மற்றொன்று நாணயம்.

மறை என்றதும் கேட்பவர் மனத்தில் ஒளித்து வைத்த பணம் என்னும் எண்ணம் எழும். உண்மை இதற்கு மாறானது. பிட்காயினின் பேரேட்டை எவரும் படிக்கலாம். 2009 முதல் நடந்த ஒவ்வொரு கைமாற்றமும் அதில் உண்டு. மறைந்திருப்பது ஆளின் பெயரே. பெயருக்கு மாற்றாக எழுத்தும் எண்ணும் கலந்த முகவரி நிற்கும். முகமூடி அணிந்தோர் நடுக்களத்தில் நின்று ஆடும் கூத்து இது. ஆட்டம் அனைத்தும் கண்ணுக்குத் தெரியும். ஆடுபவர் முகம் தெரியாது. 'கிரிப்டோ' என்னும் அடைமொழி வந்தது, மறையெழுத்துக் கலையின் கணிதத்தைக் கொண்டு கையொப்பமிட்டு ஏட்டைப் பூட்டுவதால். அடைமொழி கருவியைச் சொல்கிறது. தன்மையைச் சொல்வதாக நாம் மயங்குகிறோம்.

அடுத்து நாணயம். என் உரையின் நடுப்பகுதி இதுவே. தமிழில் நாணயம் என்றால் முத்திரையிட்ட காசு. நாணயம் என்றால் நேர்மை. அகரமுதலிகள் இரு பொருளையும் தருகின்றன. "அவர் நாணயமான மனிதர்" என்றால் சொன்ன சொல் தவறாதவர் என்று பொருள். "வாங்கிய கடனை நாணயமாகத் திருப்பிக் கொடுத்தார்" என்கிறோம். ஆங்கிலத்தில் 'காயின்' என்ற சொல்லுக்கு இவ்வொழுக்கப் பொருள் கிடையாது. ஆகவே 'பிட்காயின்' என்னும்போது ஆங்கிலேயன் ஓர் உலோக வட்டத்தை மட்டுமே நினைக்கிறான். 'மறையீட்டு நாணயம்' என்னும்போது தமிழன் ஒரு நற்சான்றிதழையும் சேர்த்தே கேட்கிறான். மொழிபெயர்ப்பில் ஒன்றும் கூடவில்லை என்று நினைத்தோம். ஓர் அறம் கூடிவிட்டது. உழைத்துச் சேர்த்த சிறுதொகையை ஒரு முகவரிடம் கொடுக்கப் போகும் எளியவர், அச்சொல்லை நம்பியும் கொடுக்கிறார் என்பதை நாம் மறத்தலாகாது.

அந்த நற்சான்றுக்கு இது முற்றிலும் தகுதியற்றதோ என்றால், அவ்வாறும் கூறிவிட முடியாது. பேரேட்டளவில் ஒரு நாணயம் உண்டு. ஏமாற்ற எண்ணுபவன் பெரும்பொருள் செலவிட வேண்டும். அச்செலவையே விதிப்படி நடப்பதில் செலவிட்டால் அவனுக்கு ஆதாயம் மிகும். நேர்மையை அறவுரையால் வேண்டாமல் ஊதியத்தால் விளைவிக்கும் ஏற்பாடு அது. நம்பிக்கைக்கு மாற்றாகக் கணிதச் சான்று என்பதே நகமோட்டோவின் நோக்கம். தமிழ்நாடு அரசு இத்தகைய தொடரேட்டுத் தொழில்நுட்பத்தில் அமைத்த தன் கட்டமைப்புக்கோ 'நம்பிக்கை இணையம்' என்று பெயர் சூட்டியது. நம்பிக்கை தேவையில்லை என்று சொல்லிப் பிறந்த ஒன்றுக்குத் தமிழில் நம்பிக்கை என்றே பெயர் வாய்த்தது சிந்திக்கத்தக்கது.

ஆனால் ஏட்டின் நாணயம் வேறு, ஏட்டுக்கு வெளியே கடை விரித்தவரின் நாணயம் வேறு. எஃப்.டி.எக்ஸ். என்னும் பெரும் பரிமாற்றக் கூடம் 2022 நவம்பரில் நொடித்துப்போயிற்று. வாடிக்கையாளர் ஒப்படைத்த பணம் உடன்பிறப்பு நிறுவனம் ஒன்றுக்குத் திருப்பப்பட்டிருந்தது. அதன் நிறுவனர் 2023 நவம்பரில் குற்றவாளி எனத் தீர்ப்பாகி, 2024 மார்ச்சில் 25 ஆண்டுச் சிறைத்தண்டனை பெற்றார். கணிதம் பொய் சொல்லவில்லை. கணக்குப்பிள்ளை பொய் சொன்னார். 'நாணயம்' என்ற ஒரே சொல் கணிதத்தின் பெருமையைக் கணக்குப்பிள்ளைக்கும் சேர்த்து வழங்கிவிடுகிறது.

நாணயத்துக்கு நம் மக்கள் வைத்த மற்றொரு சோதனை உண்டு. "இந்தக் காசு செல்லுமா?" என்று கேட்கிறோம். நல்ல காசா என்று கேட்பதில்லை. செல்லுமா என்றே கேட்கிறோம். ஆங்கிலத்தில் 'கரன்சி' என்பதும் ஓடுதல் என்னும் இலத்தீன் வினையடியாகப் பிறந்ததே. ஓடாதது கரன்சி அன்று; செல்லாதது காசு அன்று. 2010 மே 22ஆம் நாள் அமெரிக்காவில் ஒருவர் 10,000 பிட்காயின் கொடுத்து இரண்டு பீட்சா பெற்றார். கணிப்பொறிக்குள் கிடந்த எண் உணவுக்கு ஈடாகச் சென்ற முதல் நாள் என்று அதனைப் போற்றுகிறார்கள்.

செல்லுதல் சட்டத்தால் ஆவதா, மக்களால் ஆவதா? நடு அமெரிக்காவில் உள்ள எல் சல்வடோர் நாடு 2021 செப்டம்பர் 7 முதல் பிட்காயினைச் சட்டப்படி செல்லும் பணமாக்கியது. சட்டம் செல்லும் என்றது. சந்தையில் பெரும்பாலோர் டாலரையே நீட்டினர். பன்னாட்டு நிதியத்துடன் 140 கோடி டாலர் கடனுக்கு உடன்பாடு கண்ட பின்னர், 2025 சனவரியில் அச்சட்டம் திருத்தப்பட்டது. பிட்காயினை ஏற்றே ஆக வேண்டும் என்னும் கட்டாயம் நீங்கிற்று. மறுபுறம், 2016 நவம்பர் 8ஆம் நாள் இரவு 500 ரூபாய், 1,000 ரூபாய்த் தாள்கள் செல்லாது என்று நம் நாட்டில் அறிவிக்கப்பட்டதை யாரும் மறந்திருக்க மாட்டார்கள். அரசு தடுத்தால் காசு நின்றுவிடும். அரசு உந்தினால் மட்டும் அது நடந்துவிடாது. சொல்லும் அப்படித்தான். நாம் அவையில் ஒரு சொல்லை ஆக்கலாம்; தெருவில் அதைச் செலுத்துபவர் மக்களே.

மூன்றாவது சோதனையும் சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. கிரேக்கர் வீட்டை நடத்துதல் என்றார்கள். நாம் பொருளாதாரம் என்றோம். பொருளுக்கு ஆதாரம் எது என்னும் கேள்வியைப் பெயரிலேயே பதித்துக்கொண்டோம். டெரா என்னும் அமைப்பு ஒரு டோக்கனை வெளியிட்டு, அது எந்நாளும் ஒரு டாலர் மதிப்பில் நிற்கும் என்றது. அதற்கு ஆதாரம் என்ன? அதே அமைப்பு வெளியிட்ட லூனா என்ற மற்றொரு டோக்கன். முதலாவது சரியும்போது அதற்கு ஈடாக இரண்டாவதைப் பெற்றுக்கொள்ளலாம் என்பதே ஏற்பாடு. வைப்புக்கு ஆண்டுக்கு ஏறத்தாழ 20 விழுக்காடு வட்டி என்ற கவர்ச்சியும் இருந்தது. 2022 மே மாதத்தில் முதலாவது சரிந்தது. அதைத் தாங்க இரண்டாவது கட்டுக்கடங்காமல் பெருகிற்று. பெருகப் பெருக மதிப்பிழந்தது. சில நாட்களில் ஏறத்தாழ 4,000 கோடி டாலர் மதிப்பு கரைந்தது. கூரையைத் தாங்கும் தூண் அந்தக் கூரையிலிருந்தே தொங்கிக்கொண்டிருந்தது. அங்கே பொருள் இருந்தது, ஆதாரம் இல்லை.

சட்டம் இதற்கு என்ன பெயர் வைத்தது என்பதும் கருதத்தக்கது. வங்கிகள் இத்தொழிலுக்குத் துணைபோகலாகாது என்று ரிசர்வ் வங்கி 2018 ஏப்பிரலில் இட்ட கட்டளையை, உச்ச நீதிமன்றம் 2020 மார்ச் 4ஆம் நாள் நீக்கிற்று. 2022ஆம் ஆண்டின் நிதிச் சட்டம் இவற்றின் ஆதாயத்துக்கு 30 விழுக்காடு வரி விதித்தது. ஆனால் நாணயம் என்ற சொல்லைத் தொடவே இல்லை. 'மெய்நிகர் எண்ணிமச் சொத்து' எனப் பொருள்படும் பெயரையே சூட்டிற்று. அவ்வாண்டு நவம்பரிலும் திசம்பரிலும் ரிசர்வ் வங்கி சோதனையாக வெளியிட்ட எண்ணிம ரூபாய்க்கோ ரூபாய் என்றே பெயர். அதன் பின்னால் அரசின் வாக்கு நிற்கிறது. 2025 அக்டோபரில் சென்னை உயர்நீதிமன்றம், கிரிப்டோ என்பது தொட்டறியும் உடைமையும் அன்று, செலாவணியும் அன்று. எனினும் ஒருவர் உடைமையாகக் கொண்டு துய்க்கத்தக்க சொத்தே என்று கூறிற்று. வழக்கு என்பதற்கும் தமிழில் இரு பொருள் அல்லவா? சொல்வழக்கு முடிவு செய்யாததை நீதிமன்ற வழக்கு முடிவு செய்ய வேண்டியதாயிற்று.

அப்படியாயின் நாம் எச்சொல்லை ஏற்பது? 'டோக்கன்' என்பதற்குத் தமிழில் வில்லை என்ற சொல் உண்டு. அலுவலகப் பணியாள் மார்பில் அணிந்த அடையாளத் தகட்டால் அவருக்கு வில்லைச் சேவகன் என்று பெயர் வந்தது. மருத்துவமனையில் வரிசை எண்ணுக்கும், நியாயவிலைக் கடையில் பொங்கல் பரிசுத் தொகுப்புக்கும் டோக்கன் வாங்கி நிற்பது எல்லாரும் அறிந்ததே. வில்லையைக் கையில் வைத்திருப்பவர், அதைக் கொடுத்தவர் தம் சொல்லைக் காப்பாற்றுவாரா என்று கேட்கத் தவறுவதில்லை. நாணயம் என்ற பெயர் அக்கேள்வியை அடக்கிவிடுகிறது. வில்லை என்ற பெயர் எழுப்பி நிறுத்துகிறது. எனவே 'வில்லைப் பொருளாதாரம்', 'வில்லைப் பொருளியல்', 'வில்லைப் பங்கீடு' என மூன்றையும் பிரித்து வழங்கலாம் என்பது என் கருத்து.

பாவலர் அவை என்பதால் இன்னொன்றும் சொல்வேன். மறையெழுத்துக் கலையால் ஆன வில்லை என்பதால் 'மறைவில்லை' என்று கூட்டிச் சொல்லிப் பாருங்கள். மறை, வில்லை என்று பிரித்தால் இப்பணத்தின் பெயர்; மறைவு, இல்லை என்று பிரித்தால் எவரும் படிக்கத் திறந்து கிடக்கும் பேரேட்டின் இயல்பு. சிலேடை நன்று. ஆயினும் அதை வழக்கில் விட வேண்டாம் என்றே வேண்டுவேன். நாணயம் என்ற சொல்லை எந்த அளவுகோலால் மறுத்தோமோ, அதே அளவுகோலை இதற்கும் வைக்க வேண்டும். எம்மிடம் மறைவில்லை என்று விற்பவர் விளம்பரம் செய்வார். அவர் கடையின் கணக்கோ பூட்டிய அறைக்குள் இருக்கும். சிலேடை பாட்டில் இருக்கட்டும், பெயரில் வேண்டாம்.

அன்பர்களே, சொல்லாக்கம் என்பது ஒருவகையில் காசு அடிப்பது போன்றது. நாம் ஆக்கும் சொல், நாம் அறியாத கைகளுக்குச் செல்லும். அதை நம்பி ஒருவர் பொருள் கொடுப்பார், பொருள் பெறுவார். தகுதி இல்லாததற்கு நல்ல பெயர் இடுவது, ஈயத்தின் மேல் பொன்முலாம் பூசுவதற்கு ஒப்பாகும். இனி வரும் பத்தாண்டுகளில் இதைக் காட்டிலும் புதிய பொருள்கள் வந்து நம் மொழியிடம் பெயர் கேட்கும். ஒவ்வொன்றையும் நிறுத்தி, நாணயம் உண்டா, செல்லுமா, ஆதாரம் எது என்று கேட்ட பின்னரே பெயர் கொடுப்போம்.