தொழிலாளர் பாட்டுக்காரர் ஜோ ஹில்

(தொழிலாளர் கூட்டமொன்றில் செய்த சொற்பொழிவு)



இன்று நாம் பேச எடுத்துக்கொண்டவர் சங்கீத வித்துவான் என்று பட்டம் பெற்றவர் அல்ல. எந்தப் பிரபு வீட்டிலும் பாடிச் சன்மானம் வாங்கினவரும் அல்ல. துறைமுகத்தில் கூலி வேலை செய்து, வேலை தேடி ஊர் ஊராய்த் திரிந்து, தம்மைப் போன்ற கூலிகளுக்காகப் பாட்டுக் கட்டினவர். அவர் பெயர் ஜோ ஹில். அமெரிக்காவில் ஒரு மாகாண சர்க்கார் அவரை 1915-ம் வருஷம் நவம்பர் மாதம் 19-ந் தேதி நாற்காலியில் கட்டிவைத்துச் சுட்டுக் கொன்றது. அப்போது அவருக்கு வயது 36.

இவர் அமெரிக்காவில் பிறந்தவரல்ல. ஸ்வீடன் தேசத்தில் யேவ்லே என்னும் துறைமுகப் பட்டணத்தில் 1879-ல் பிறந்தார். வீட்டார் இட்ட பெயர் யோவேல் ஹெக்லுண்ட். தகப்பனார் ரயில்வே சிப்பந்தி. பெற்றோர் இருவரும் நல்ல பக்திமான்கள். வீட்டில் பாட்டும் ஜெபமும் ஓயாது. அந்தப் பக்தி என்ன செய்தது? ரயில் வேலையில் ஏற்பட்ட காயத்தால் 1887-ல் தகப்பனார் இறந்துபோனார். பையனுக்கு அப்போது எட்டு வயது. கயிற்றுப் பாக்டரிக்கு வேலைக்குப் போக வேண்டியதாயிற்று. வாலிபத்தில் க்ஷயம் தோலைப் பற்றிக்கொண்டு, பல தடவை கத்தி வைத்து ரண சிகிச்சை செய்த பிறகே பிழைத்தார். 1902-ல் தாயாரும் போய்ச் சேர்ந்தார். பிள்ளைகள் வீட்டை விற்றுப் பங்கிட்டுக்கொண்டார்கள். அதே வருஷம் இவரும் ஒரு சகோதரரும் அமெரிக்காவுக்குக் கப்பலேறினார்கள்.

அங்கே தங்கம் தெருவில் கொட்டிக் கிடக்கிறதென்று சொல்லியிருந்தார்கள். இவருக்குக் கிடைத்ததோ நியூயார்க் சாராயக் கடையில் எச்சில் படிக்கம் கழுவுகிற வேலை. பிறகு எட்டு வருஷ காலம் மேற்கு நோக்கித் திரிந்தார். 1906-ல் சான்பிரான்சிஸ்கோ பூகம்பத்தின்போது அங்கேயே இருந்து, கண்டதைத் தம் ஊர்ப் பத்திரிகைக்கு எழுதி அனுப்பினார். 1910 வாக்கில் கலிபோர்னியாவில் சான் பீட்ரோ துறைமுகத்தில் இருந்தபோது ஐ. டபிள்யூ. டபிள்யூ. என்னும் உலகத் தொழிலாளர் சங்கத்தில் சேர்ந்தார்.

இந்தச் சங்கத்தைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். அது 1905-ல் சிக்காகோவில் ஏற்பட்டது. தொழில் தெரிந்தவன், தெரியாதவன், வெள்ளையன், கறுப்பன், ஆசியாக்காரன், ஆண், பெண் என்கின்ற வித்தியாசம் பாராமல், கூலி வாங்குகிறவர் எல்லோரும் ஒரே சங்கம் என்று சொல்லிற்று. அன்றைய அமெரிக்காவில் அநேக சங்கங்கள் கறுப்பரையும் மூட்டை தூக்குகிறவரையும் வாசற்படியிலேயே நிறுத்திவைத்திருந்தன என்பதை நினைத்துப் பார்த்தால்தான் இதன் அருமை விளங்கும்.

இந்தச் சங்கத்தார் ஸ்போக்கேன் முதலிய ஊர்களில் தெரு முனையில் நின்று, வேலை வாங்கிக் கொடுப்பதாகப் பணம் பிடுங்கும் தரகர்களைக் கண்டித்துப் பேசுவார்கள். உடனே இரட்சணிய சேனையார் பக்கத்தில் வந்து நின்று கொட்டும் எக்காளமும் முழக்கிப் பஜனை ஆரம்பிப்பார்கள். பேச்சு எவன் காதில் விழும்? நம் ஆட்கள் பார்த்தார்கள். “மெட்டு உங்களுடையதாகவே இருக்கட்டும், சொல் எங்களுடையதாக இருக்கட்டும்” என்று அதே மெட்டுக்குத் தங்கள் பாட்டைக் கட்டிப் பாட ஆரம்பித்துவிட்டார்கள். எதிராளி வாத்தியம் வாசிக்க வாசிக்க, அது நம் பாட்டுக்குப் பக்கவாத்தியமாய்ப் போய்விட்டது! 1909-ல் இப்படிப்பட்ட பாட்டுகளைச் சேர்த்துச் சட்டைப் பையில் அடங்கும்படி ஒரு சிவப்பு அட்டைப் புத்தகமும் போட்டார்கள்.

ஜோ ஹில்லின் திறமை முழுதும் இந்த வித்தையில்தான் விளங்கிற்று. 1911-ல் அவர் வெளியிட்ட பாதிரியும் அடிமையும் என்ற பாட்டு, பரலோகக் கரையைப் பற்றிய மிகவும் பிரபலமான ஒரு கீர்த்தனையின் மெட்டில் அமைந்தது. அதன் கருத்து இதுதான்: பசிக்குச் சோறு கேட்கிறவனிடம் பாதிரி, இப்போது பாடுபட்டு ஜெபம் செய், செத்த பிறகு மேலே பலகாரம் கிடைக்கும் என்று சமாதானம் சொல்லுகிறார். நடக்காத வாக்குறுதியைப் பரிகாசம் செய்ய இங்கிலீஷ்காரர்கள் இன்றும் சொல்லுகின்ற ஆகாயப் பலகாரம் என்னும் வழக்கு இந்தப் பாட்டில் பிறந்ததேயாகும். எத்தனையோ புராண ஆராய்ச்சிகள் செய்ய முடியாத வேலையை இரண்டு சொல் செய்துவிட்டது பாருங்கள்.

இன்னொரு பாட்டையும் சொல்லாமலிருக்க நமக்கு மனம் வரவில்லை. 1911-ல் சதர்ன் பசிபிக் ரயில்வேத் தொழிலாளர் வேலை நிறுத்தம் செய்தார்கள். கேசி ஜோன்ஸ் என்று ஒரு ரயில் டிரைவர். விபத்தில் மாண்டு, ஜனங்கள் பாட்டில் வீரனாகிவிட்டவர். ஜோ ஹில் அந்த வீரனைத் தம் பாட்டில் கருங்காலியாக்கினார். வேலை நிறுத்தத்தில் சேராமல் வண்டியை ஓட்டி விழுந்து சாகிறான். மோட்சத்துக்குப் போனால், அங்கே வாத்தியக்காரர்களும் வேலை நிறுத்தம் செய்திருக்கிறார்கள்! வாசல் காக்கும் பேதுரு, “நல்ல சமயத்தில் வந்தாய்” என்று அங்கேயும் கருங்காலி வேலை கொடுக்கிறார். தேவதூதர் சங்கம் சும்மா இருக்குமா? பிடித்து நரகத்தில் தள்ளிவிடுகிறது. மோட்சத்திலும் முதலாளி, தொழிலாளி உண்டு என்று ஆகிவிட்ட பிறகு மோட்சத்துக்கு என்ன மரியாதை!

துண்டுப் பிரசுரம் எவ்வளவு நல்லதானாலும் ஒரு தடவைக்கு மேல் யாரும் படிப்பதில்லை, பாட்டோ மனப்பாடமாகித் திரும்பத் திரும்ப வரும் என்பது அவர் கொள்கை. பிரசுரம் அச்சடித்தே பழகிய நமக்கு இது கொஞ்சம் உறைக்கத்தான் செய்கின்றது. நாம் கொடுத்த நோட்டீசிலேயே மறுநாள் கடலை மடித்துக் கொடுக்க, நாமே வாங்கித் தின்றிருக்கின்றோம்!

அவர் எழுதினதெல்லாம் உயர்ந்த பாட்டென்று நாம் சொல்ல வரவில்லை. மொத்தத்தில் சில டஜன்களே. அவற்றிலும் சில அந்தந்த வாரத்துச் சண்டையோடு தீர்ந்துபோனவை. ஆனால் ஒரு விஷயத்தில் அவர் தம் சங்கத்தாருக்கே புத்தி சொன்னார். பெண்களைச் சேர்க்காமல் ஆண்களை மட்டும் சேர்த்து ஒற்றைக் கால் பிராணியாகச் சங்கத்தை ஆக்கிவிட்டோம் என்று ஜெயிலிலிருந்து எழுதினார். 1915-ல் கலகக்காரப் பெண் என்ற பாட்டையும் எழுதினார். எலிசபெத் கர்லி பிளின் என்னும் பெண் பேச்சாளி அந்த வருஷம் ஜெயிலில் அவரை வந்து பார்த்தார்.

ஜெயிலுக்கு ஏன் போனார் என்கிறீர்களா? 1914 ஜனவரி 10-ந் தேதி இரவு, யூட்டா மாகாணத்து சால்ட் லேக் பட்டணத்தில் மாரிசன் என்ற மளிகைக் கடைக்காரரையும் அவர் மகனையும் முகத்தை மூடிய இருவர் சுட்டுக் கொன்றார்கள். அதே இரவு ஜோ ஹில் மார்பில் குண்டுக் காயத்துடன் ஒரு டாக்டரிடம் போனார். ஒரு பெண் விஷயமான சண்டையில் பட்ட காயம் என்றார். யார் அந்தப் பெண் என்று கேட்டதற்குக் கடைசிவரை வாய் திறக்கவில்லை.

நாம் பகுத்தறிவு பேசுகின்றவர்கள். நமக்குப் பிடித்தவர் என்பதற்காக நிரபராதி என்று கற்பூரம் அணைத்துச் சத்தியம் செய்யக்கூடாது. காயம் சந்தேகத்துக்கு இடமானதுதான். ஆனால் முன்விரோதம் காட்டப்படவில்லை. கடையில் பணம் போகவில்லை. இவர்தான் என்று திட்டமாய் அடையாளம் சொன்ன சாட்சியும் இல்லை. காயத்துக்குக் காரணம் சொல்லாததையே குற்றத்துக்கு ருசுவாக வைத்துக்கொண்டார்கள். சந்தேகத்தின் பலன் யாருக்கு என்பது சட்டம் படிக்காத நமக்கும் தெரியும். அந்தப் பெண்ணே 1949-ல் எழுதிய கடிதம் ஒன்று வெகு காலத்துக்குப் பின் கிடைத்து, 2011-ல் ஒரு புத்தகத்தில் வெளியாயிற்று. அதில், பொறாமையால் தம் சிநேகிதனே சுட்டான் என்று ஜோ ஹில் தம்மிடம் சொன்னதாக அவர் எழுதியிருக்கிறார். முன்பே சொல்லியிருந்தால் ஒருவேளை உயிர் பிழைத்திருக்கும். அவர் மௌனத்தை வீரமென்று புகழ நமக்கு மனம் வரவில்லை. ஒரு சங்கத்துக்கு வேண்டிய உயிரை ஒரு ரோஷத்துக்குக் கொடுத்துவிட்டார் என்றே வருந்துகின்றோம்.

ஜனாதிபதி வில்ஸனும், ஸ்வீடன் ஸ்தானாதிபதியும், கண்ணும் காதும் இல்லாத ஹெலன் கெல்லர் அம்மையாரும் மறு விசாரணைக்காகப் பரிந்து பேசினார்கள். கவர்னர் ஸ்பிரை கேட்கவில்லை. தூக்கா, துப்பாக்கியா என்று கேட்டதற்குத் துப்பாக்கி என்றார் ஜோ ஹில். தமக்காக அழுது காலம் கழிக்காமல் சங்கத்தைக் கட்டும்படியும், தம் உடலை யூட்டா எல்லையில் வைக்காமல் வெளியே கொண்டுபோகும்படியும் சங்கத் தலைவர் ஹேவுட்டுக்குத் தந்தி கொடுத்தார்.

சிக்காகோவில் ஆயிரக்கணக்கான பேர் அவர் பாட்டையே பாடிக்கொண்டு பின்தொடர, உடலைக் கொண்டுபோய்த் தகனம் செய்தார்கள். புரோகிதமும் இல்லை, ஜெபமும் இல்லை. சாம்பலைச் சிறு உறைகளில் போட்டுத் தேசம் தேசமாக அனுப்பினார்கள். சாம்பலுக்கு மகத்துவம் கற்பிப்பது நமக்குச் சம்மதமல்ல. ஆயினும் தம் சாம்பல் காற்றோடு போய் எங்காவது செடிக்கு உரமாகட்டும் என்று அவரே கேட்டுக்கொண்டிருந்தார். அப்படி அனுப்பினதில் ஒரு உறையை 1917-ல் அமெரிக்கத் தபால் இலாகா பறிமுதல் செய்தது. 1988-ல்தான் அது சங்கத்தாரிடம் திரும்பி வந்தது. அதிலிருந்து கொஞ்சம் எடுத்து, 1927-ல் கொலராடோ மாகாணப் போலீசாரால் சுட்டுக் கொல்லப்பட்ட ஆறு நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளரின் புதைகுழி மேல் 1989-ல் தூவினார்கள்.