கரையொதுங்கியோர் கதைகளும் நாட்டுரிமையும்



கப்பல் உடைந்து கரையொதுங்கியவன் கதை சிறுவர்க்கு மிக இனியது. அலை ஓய்ந்த பின் மணலிற் கிடப்பவன் கண்விழிக்கிறான். உண்ண யாது உளது, தங்க எங்கு இடமுளது, பகைவர் உளரோ என்று தேடுகிறான். இவை வயிறும் உயிரும் எழுப்பும் கேள்விகள். இவற்றுக்கு விடை கிடைத்த பின்னர் அவன் உள்ளத்தில் மற்றொரு கேள்வி எழுகிறது. ‘என் நாட்டார் ஒருவருமில்லாத இவ்விடத்தில் நான் எந்நாட்டான்?’ என்பதே அக்கேள்வி. கரையொதுங்கியோர் கதைகளை வளர்ந்தோரும் படிக்க வேண்டியது இதன் பொருட்டேயாகும்.

இவ்வகை நூல்களுள் உலகெங்கும் அறியப்பெற்றது டானியேல் டிபோ என்னும் ஆங்கில ஆசிரியர் 1719 ஆம் ஆண்டில் வெளியிட்ட றொபின்சன் குரூசோவின் கதை. தென்கடல் தீவொன்றில் 1704 முதல் 1709 வரை தனித்து வாழ்ந்த அலெக்சாந்தர் செல்கேர்க் என்னும் மாலுமியின் வரலாறு அதற்கு வித்தாயிற்று என்பர். அந்நூல் தோன்றுதற்கு நம் இலங்கையும் ஒருவாறு துணைசெய்தது என்பது பலர் அறியாத செய்தி. அத்துணை றொபேட் நொக்ஸ் என்பவரின் நூல் வாயிலாக வந்தது.

கிழக்கிந்தியக் கம்பனிக்குரிய ‘ஆன்’ என்னும் கப்பல் 1659 நவம்பரில் மசூலிப்பட்டினத்துக்கு அண்மையிற் புயலில் அகப்பட்டுப் பாய்மரம் இழந்தது. அதனைச் செப்பனிடும் பொருட்டுத் திருக்கோணமலைக்குத் தெற்கேயுள்ள கொட்டியாரக் குடாவிற்கு அது வந்து சேர்ந்தது. கண்டியரசன் இரண்டாம் இராசசிங்கனின் ஆட்கள் 1660 ஏப்ரலில் மாலுமிகளைச் சிறைபிடித்தனர். கப்பற்றலைவரும் அவர் மகனும் அகப்பட்டோருள் அடங்குவர். தந்தை அடுத்த ஆண்டிலேயே காய்ச்சலால் மாண்டார். பத்தொன்பது வயதளவினராயிருந்த மகன் தம் கையாலேயே தந்தையை அடக்கஞ் செய்யும் நிலைக்கு ஆளானார். அம்மகனே நாம் கூறும் நொக்ஸ்.

பத்தொன்பது ஆண்டுக்கு மேல் அவர் மலைநாட்டில் வாழ்ந்தார். இரும்புக்கூடோ விலங்கோ அவருக்கில்லை. நாட்டைவிட்டுப் பெயரலாகாது என்னும் கட்டளையே அவர்க்குச் சிறையாயிற்று. தொப்பி பின்னி விற்றார். நெல்லைக் கடனாகக் கொடுத்துப் பெருக்கினார். சிங்கள மொழியைத் தம் மொழிபோற் பேசினார். அந்நாட்டாரைப் போலவே உடுத்தார். உடனிருந்த ஆங்கிலேயருட் சிலர் உள்ளூர்ப் பெண்களை மணந்து குடியமர்ந்தனர். நொக்ஸோ மணஞ்செய்ய மறுத்தார். மனைவியும் மக்களும் வாய்த்தால் தப்பிச் செல்லும் எண்ணம் தளர்ந்துவிடும் என அவர் அஞ்சினார். ஒரு தொப்பியை விலையாகக் கொடுத்து ஆங்கில விவிலிய நூல் ஒன்றைப் பெற்றபோது அவர் அடைந்த மகிழ்ச்சிக்கு எல்லையில்லை. உடையும் உணவும் பேச்சும் மாறிய பின்னும், அந்நூலையும் மணவாத உறுதியையும் பற்றிக்கொண்டு தம்மை ஆங்கிலேயராகவே அவர் காத்துவந்தார்.

1679 ஒக்டோபரில் அவரும் ஸ்டீபன் றட்லண்ட் என்னும் தோழரும் வடக்கு நோக்கித் தப்பினர். அனுராதபுரத்தை அடைந்தபோது வியப்பொன்று அவர்க்குக் காத்திருந்தது. அத்தனை ஆண்டுகள் பழகித் தேர்ந்த சிங்களம் அங்கு உதவவில்லை. அவ்வூரார் தமிழ் பேசுவோர். ஆயினும் கண்டியரசனின் குடிகள். ஒரே மன்னனின் குடிகளுள் இருமொழியினர் இருந்தனர் என்பதை, எவர்க்கும் வழக்குரைக்க வாராத அயலார் ஒருவர், கண்டதைக் கண்டவாறே எழுதி வைத்தார். உலர்ந்த இறைச்சி வாங்க வந்த வணிகர் எனச் சொல்லித் தப்பிய இருவரும், ஆற்றங்கரை வழியாகக் காட்டைக் கடந்து மன்னாரை அடுத்த அரிப்பில் இருந்த ஒல்லாந்தர் கோட்டையை அடைந்தனர். அங்கிருந்து மன்னார், கொழும்பு, பத்தாவியா எனச் சென்று 1680 இல் இங்கிலாந்து மீண்டனர். 1681 இல் நொக்ஸின் இலங்கை வரலாறு இலண்டனில் வெளியாயிற்று. டிபோ அதனை நன்கு கற்றிருந்தார். 1720 இல் அவர் எழுதிய ‘கப்பற்றலைவன் சிங்கிள்டன்’ என்னும் கதையில் நொக்ஸின் வரலாற்றைச் சுருக்கி எடுத்துரைத்திருப்பதே இதற்குச் சான்று.

இனிக் குரூசோவை நோக்குவோம். இருபத்தெட்டு ஆண்டுகள் தீவில் வாழ்ந்த அவன் தன்னை அதன் அரசனென எண்ணிக்கொள்கிறான். அங்கு வந்து சேர்ந்த பழங்குடி இளைஞனின் பெயர் யாது என்று அவன் கேட்டானல்லன். ‘வெள்ளிக்கிழமை’ எனத் தானே பெயரிட்டான். அவன் மொழியைக் கற்றானல்லன். தன் மொழியைக் கற்பித்தான். தன்னை ‘எசமான்’ என்று அழைக்கவே முதலிற் பழக்கினான். ஆங்கிலேயப் பண்பின் திருவுரு எனக் குரூசோவைப் பிற்காலத்தார் போற்றினர். ஆனால் நூலின் முதற்பக்கம் கூறுவது யாது? அவன் தந்தை சேர்மனியின் பிறேமன் நகரிலிருந்து வந்து குடியேறியவர்; அவர் குலப்பெயர் ஆங்கிலேயர் நாவிற் சிதைந்தே ‘குரூசோ’ ஆயிற்று. டிபோ இதனை அறியாமல் எழுதியவரல்லர். தூய ஆங்கிலக் குருதி என்று பெருமை பேசியோரை எள்ளி 1701 இலேயே செய்யுள் நூல் ஒன்று எழுதியவர் அவர். பல நாட்டாரும் வந்து கலந்ததே தம் நாட்டு மக்களினம் என அதில் அவர் எடுத்துக்காட்டினார்.

நேயர்களே! தமிழிலும் இத்தகைய கதைகள் உண்டு. குரூசோவுக்குப் பல நூற்றாண்டுகள் மூத்தவை உண்டு. மணிமேகலைக் காப்பியம் கரையொதுங்கியோர் வரலாறுகளைத் தன்னகத்தே நிறைத்து வைத்திருக்கின்றது. அவற்றுள் சாதுவன் கதையை முதலிற் காண்போம். காவிரிப்பூம்பட்டினத்து வணிகனாகிய சாதுவன் கணிகை ஒருத்தியிடம் பொருளிழந்து, மீண்டும் பொருளீட்டுவான் கப்பலேறினான். காற்றினாற் கலம் உடைந்தது. ஒடிந்த மரத்தைப் பற்றி நாகர் வாழும் மலைப்புறத்தே ஒதுங்கினான். களைத்து உறங்கியவனை நாகர் கண்டனர். நல்ல உணவு வாய்த்தது என்று அவனை எழுப்பினர். சாதுவனோ அவர் மொழியைப் பிழையறக் கற்றிருந்தான்; அம்மொழியிலேயே பேசினான். கொல்ல வந்தவர் விலகி நின்று வணங்கித் தம் தலைவனிடம் அழைத்துச் சென்றனர்.

இவ்விடத்தை ஆழ்ந்து நோக்குதல் வேண்டும். சாதுவனிடம் துப்பாக்கி இல்லை, பொருள் இல்லை, அரச முத்திரை இல்லை. பிறர் மொழியை மதித்துக் கற்றிருந்த ஒன்றே அவன் உயிரைக் காத்தது. நாகர் தலைவன் கள்ளும் ஊனும் பெண்ணும் தர முன்வந்தபோது அவற்றை மறுத்து, மறுத்தமைக்குக் காரணம் கூறினான். இதனால் தன் ஒழுக்கத்தையும் அவன் கைவிடவில்லை. ‘எம்மால் இயன்ற அறம் யாது?’ எனத் தலைவன் கேட்க, கலங் கவிழ்ந்து கரையேறுவோரைக் கொல்லாது காத்தலை முதலாகச் சொன்னான். கரையொதுங்கியவன் பின்வரும் கரையொதுங்கியோருக்காகக் கேட்ட வரம் அது. பின்னர்ச் சந்திரதத்தன் என்னும் வணிகனின் கலமேறி ஊர் திரும்பினான். சென்ற நாளிலும் தமிழ் வணிகன். மீண்ட நாளிலும் தமிழ் வணிகன். இடையில் மற்றோர் இனத்தார்க்கு அவன் நண்பனும் ஆயினான்.

ஆபுத்திரன் வரலாறு இதனினும் உருக்கமானது. பிறந்தவுடன் கைவிடப்பட்ட குழந்தை, பசு பாலூட்டியது, அந்தணர் ஒருவர் எடுத்து வளர்த்தார். வேள்விப் பசுவை அவன் விடுவித்தபோது ஊரார் அவன் பிறப்பைச் சுட்டி இழித்து விலக்கினர். மதுரையிற் சிந்தாதேவி தந்த அமுதசுரபியால் பசித்தோர்க்கெல்லாம் உணவளித்தான். நாடு செழித்துப் பசித்தோர் அருகியபின், சாவக நாட்டில் வற்கடம் என்று கேட்டு அங்குச் செல்லக் கலமேறினான். காற்று மிகுந்தமையால் கலம் மணிபல்லவத் தீவில் ஒருநாள் தங்கிற்று. அவன் இறங்கியதை அறியாது கலம் புறப்பட்டுவிட்டது. எத்துணைப் பேர் உண்டாலும் குறையாத பாத்திரம் கையில். உண்பதற்கோ ஒருவரும் இல்லை. தன் ஒரு வயிற்றுக்காக அதனைப் பயன்படுத்த மனம் ஒவ்வாது, கோமுகிப் பொய்கையில் அதனை இட்டு, உண்ணாநோன்பிருந்து உயிர்நீத்தான். அவனைத் தேடி மீண்ட ஒன்பது வணிகர் அந்நிலை கண்டு தாமும் உயிர் துறந்தனர். பிறப்பினால் எவ்வூர்க்கும் உரியனல்லன் எனத் தள்ளப்பட்டவன், தன் செயலினால் பசித்தோர் வாழும் ஊர்க்கெல்லாம் உரியன் ஆனான் என்பதே காப்பியம் தரும் தீர்ப்பு.

மணிபல்லவம் இன்றைய நயினாதீவே எனப் பலரும் கருதுவர். அங்கிருந்த மணிப்பீடத்துக்காக நாகவரசர் இருவர் போர்செய்ததையும், புத்தர் பெருமான் தோன்றி அப்போரைத் தணித்ததையும் மணிமேகலை கூறும். மகாவம்சமும் அதனையே கூறி, மகோதரன், சூளோதரன் என அவ்வரசர்க்குப் பெயர் தருகின்றது. மகோதரனின் மாமனாகிய களனி மன்னன் மணியக்கிகனும் அப்போருக்கு வந்திருந்தான் என்று சேர்த்துச் சொல்கின்றது. அவன் வேண்டுகோளுக்கிணங்கியே புத்தர் பின்னர்க் களனிக்கு எழுந்தருளினார் என்பது பௌத்தர் மரபு. தமிழ்க் காப்பியமும் பாளி வரலாறும் ஒரே பீடத்தைப் பேசுகின்றன. வடகடல் தீவும் களனிக் கரையும் ஒரே கதையில் உறவாக இணைகின்றன.

களனிக்கு உரிய கடற்கதை மற்றொன்றும் உளது. களனிதிஸ்ஸ மன்னன் குற்றமற்ற தேரர் ஒருவரைக் கொல்வித்தான். கடல் பொங்கி நாட்டை விழுங்க வந்தது. அதனைத் தணிக்கும் பொருட்டுத் தன் மகளைப் பொற்கலத்தில் ஏற்றிக் கடலில் விடுத்தான். ‘அரசன் மகள்’ என்று அக்கலத்தில் எழுதப்பட்டிருந்தது. அலை அவளைத் தென்கரையிற் சேர்த்தது. காவந்திஸ்ஸன் அவளைத் தேவியாக ஏற்றான். விகாரமகாதேவி எனப் போற்றப்படும் அவளே துட்டகைமுனுவின் தாய். சிங்கள மக்கள் தம் பெருவீரனென மதிக்கும் மன்னனின் அன்னையும் கரையொதுங்கியவளே! அவ்வரலாற்று நூலின்படி, முதல் மன்னனாகிய விசயனும் தன் நாட்டினின்று துரத்தப்பட்டுக் கப்பலில் வந்திறங்கியவன்தான். இத்தீவின் பழங்கதைகளைப் புரட்டினால் கடல்வழி வாராதவரைக் காண்பது அரிது.

கலத்தில் எழுதிய இரண்டு சொற்கள் அரசகுமாரியைக் காத்தன. எழுத்தில்லாத ஏழைகள் கரையில் நின்றால் யாது நிகழும்? இக்கேள்விக்கு விடை கூறப் பழங்கதை தேவையில்லை. 1820 களிலிருந்து தென்னிந்தியாவினின்று தோணியேறி வந்து, மன்னார்க் கரையிலிருந்து காட்டுவழியே கால்நடையாக மலைநாடு சென்று, கோப்பியும் பின்னர்த் தேயிலையும் வளர்த்தவர் மலையகத் தமிழ் மக்கள். 1948 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டம், இங்குப் பிறந்தவனாயினும் அவன் தந்தை இங்குப் பிறந்தவர் என்றோ, அன்றித் தந்தைவழிப் பாட்டனும் பூட்டனும் இங்குப் பிறந்தவர் என்றோ காட்ட வேண்டுமென விதித்தது. தோட்ட லயத்திற் பிறந்த பாட்டனுக்குப் பிறப்புச் சான்றிதழ் எங்கே கிடைக்கும்? கப்பல் எதுவும் உடையவில்லை. புயல் எதுவும் வீசவில்லை. தாம் பிறந்த மண்ணில் நின்றவாறே இலட்சக்கணக்கானோர் நாடற்றவராயினர்.

1964 ஒக்டோபர் 30 இல் கையெழுத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 பேரைக் கணக்கிட்டு, 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் பங்கிட்டது. எஞ்சிய 1,50,000 பேர் 1974 இல் இரு நாடுகளுக்கும் பாதி பாதியாகப் பகுக்கப்பட்டனர். தலைமன்னாரிற் கப்பலேறியோர்க்குத் ‘தாயகம் திரும்பியோர்’ எனப் பெயர் வழங்கப்பட்டது. அவருட் பலர் அத்தாயகத்தை ஒருமுறையேனும் கண்டிராதவர். இங்கு ‘இந்தியக்காரர்’ என அழைக்கப்பட்டோர் நீலகிரியில் ‘சிலோன்காரர்’ ஆயினர். இறுதியில் 2003 ஆம் ஆண்டுச் சட்டமே இங்கு எஞ்சியிருந்த நாடற்றோர்க்குப் பிரசாவுரிமை வழங்கிற்று. இடையில் ஐம்பத்தைந்து ஆண்டுகள் கழிந்திருந்தன. 1947 இல் தலவாக்கலைத் தொகுதியினின்று பாராளுமன்றஞ் சென்ற சி. வி. வேலுப்பிள்ளை எழுதிய ‘நாடற்றவர் கதை’யை இன்றைய மாணவரும் கற்றல் நன்று. குரூசோவின் தீவைவிட அது அண்மையிலுள்ளது.

தலைநகரிலும் இந்நிலை நேர்ந்தது. 1958 இலும் 1983 இலும் வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனை முதலிய இடங்களில் வாழ்ந்த தமிழ்க் குடும்பங்கள் பல, வீடிழந்து அகதி முகாம்களிலே தங்கி, காங்கேசன்துறைக்குக் கப்பலேறின. பிரசாவுரிமைப் பத்திரம் கையிலுள்ளோரும் அன்று கரையொதுங்கியோர் ஆயினர். தமிழ் அயலாரைத் தம் வீட்டினுள் மறைத்து வைத்துக் காத்த சிங்கள, முஸ்லிம் குடும்பங்களும் அந்நாட்களில் இருந்தன. நாகர் தலைவனுக்குச் சாதுவன் உரைத்த அறத்தை, அக்காப்பியத்தின் பெயரையும் கேட்டறியாதோர் நிறைவேற்றினர்.

எனவே நாட்டுரிமை யாது என்னும் வினாவுக்கு இந்நூல்கள் தரும் விடைகளைத் தொகுத்துப் பார்க்கலாம். தன்னைத் தானாகக் காத்துக்கொள்ளும் உறுதி மனிதனுக்கு இன்றியமையாதது. நொக்ஸ் அதனைக் காட்டினார். அவ்வுறுதி பிறர் பெயரையும் மொழியையும் அழிக்கப் புகுமாயின், குரூசோவின் தீவில் எசமானும் ஏவலாளனுமே மிஞ்சுவர். தன் ஒழுக்கமும் பிறர் மொழியும் ஒருங்கே உடையவனாய் வாழ இயலும் என்பதற்குச் சாதுவன் சான்று. பத்திரமும் வேண்டும், அது இல்லாதார் பட்ட துயரை அறிந்த பின் அதனை அற்பமென எவரும் கூறார். ஆயினும் பத்திரத்தை மட்டும் கொண்டு அயலவன் உறவினன் ஆகிவிடான்.

கொட்டாஞ்சேனைக்கு வடக்கே, முகத்துவாரத்தை அடுத்து, களனி கங்கை கடலோடு கலக்கிறது. மலையகத் தோட்டங்களின் மழைநீரும் அந்த ஆற்றில் உண்டு. அதன் கரைகளில் வாழும் சிறுவர், தமிழராயினும் சிங்களவராயினும், சாதுவன் கதையையும் விகாரமகாதேவியின் கதையையும் ஒருங்கே கற்கும் நாள் வரவேண்டும். அதற்கு இரு மொழியும் அறிந்த ஆசிரியர் வேண்டும். இரு மொழியிலும் இந்நூல்கள் எளிய நடையில் வேண்டும். அதுவரையில், பெற்றோராகிய நேயர்கள் மணிமேகலையின் ஆதிரை பிச்சையிட்ட காதையை எடுத்துத் தம் பிள்ளைகளுக்கு ஓரிரவு கதையாகச் சொல்லத் தொடங்கலாம்.