வரி கட்டுகிறவர் யார்?

திருச்சியில் ஆலைத் தொழிலாளர், விவசாயத் தொழிலாளர் கூட்டத்தில் நிகழ்த்திய உரை



பொன்மலையிலிருந்தும் துவாக்குடியிலிருந்தும் வேலை முடித்த கையோடு வந்திருக்கிறீர்கள். ஸ்ரீரங்கம் தீவிலிருந்து வாழைத் தோட்டத்து வேலையை முடித்துவிட்டுச் சகோதரிகளும் வந்திருக்கிறார்கள். களைத்து வந்திருக்கும் உங்களிடம் இரண்டு பொருளாதாரப் பேராசிரியர்களைப் பற்றிப் பேசப் போகிறோம் என்றால் சிலருக்கு எழுந்து போகத் தோன்றும். சற்றுப் பொறுங்கள். இது உங்கள் முந்தானையில் முடிந்து வைத்திருக்கும் காசைப் பற்றிய பேச்சு.

இப்போது டீக்கடையிலும் ரயில் பெட்டியிலும் ஒரு பேச்சு அடிபடுகிறது. "நாட்டிலே நூற்றுக்கு இரண்டு மூன்று பேர்தான் வரி கட்டுகிறார்கள். மற்றவர்களெல்லாம் அந்தப் பணத்திலே ரேஷன் அரிசியும் இலவச பஸ்ஸும் அனுபவிக்கிறார்கள்" என்கிறார்கள். இதைக் கேட்கிற உழைப்பாளி பதில் சொல்லத் தெரியாமல் தலையைக் குனிந்துகொள்கிறான். ஏன் குனிய வேண்டும்? இந்தப் பேச்சில் உண்மை எவ்வளவு, பொய் எவ்வளவு என்று பார்க்கத்தான் இன்று கூடியிருக்கிறோம்.

முதலில் நம்முடைய ஊர்க் கதையிலிருந்து தொடங்குவோம். 1930 ஏப்ரல் 13. ஸ்ரீரங்கத்துக்காரரான டாக்டர் டி.எஸ்.எஸ். ராஜனின் திருச்சி வீட்டிலிருந்து சுமார் நூறு தொண்டர்கள் புறப்பட்டார்கள். ராஜாஜி தலைமை தாங்கினார். 150 மைல் நடந்து, மாதக் கடைசியில் வேதாரண்யத்தில் உப்பு அள்ளினார்கள். வழியில் இவர்களுக்குச் சோறு போடக் கூடாது என்று தஞ்சை ஜில்லா கலெக்டர் தார்ன் தடை விதித்தார். ஜனங்கள் சோற்றுப் பொட்டலங்களை மரக்கிளையில் கட்டித் தொங்கவிட்டார்கள் என்று பெரியவர்கள் சொல்லக் கேட்டிருப்பீர்கள்.

இத்தனை பாடும் எதற்காக? மணங்குக்கு ஒன்றேகால் ரூபாய் உப்பு வரி. கோடீசுவரனும் கூலியாளும் ஏறத்தாழ ஒரே அளவு உப்பைத்தான் தின்கிறார்கள். வெயிலில் வேர்வை சிந்துகிறவனுக்கு இன்னும் ஒரு கல் கூடவே வேண்டும். ஆகவே இருவர் மீதும் ஒரே வரி. ஆனால் ஒருவனுக்கு அது தூசு, மற்றவனுக்கு அது ஒரு நாள் கஞ்சி. 1947-இல் அந்த வரி ஒழிந்தது.

கதை இத்துடன் முடியவில்லை. அதே ராஜாஜி 1937-இல் சென்னை மாகாணத்தின் பிரதம மந்திரியானார். டாக்டர் ராஜனும் அந்த மந்திரி சபையில் இருந்தார். சேலம் ஜில்லாவில் தொடங்கி மதுவிலக்கைக் கொண்டு வந்தார்கள். கள்ளுக்கடை வருமானம் போயிற்று. கஜானாவில் விழுந்த ஓட்டையை எதைக் கொண்டு அடைப்பது? 1939-இல் பொது விற்பனை வரிச் சட்டம் வந்தது. எல்லாப் பண்டங்களுக்கும் பொதுவாக விற்பனை வரி என்பது இந்தியாவிலேயே முதன்முதலில் நமது மாகாணத்தில்தான் பிறந்தது. அன்றைக்கு அது அரை சதவீதம். மதுவிலக்கின் நோக்கத்தைக் குறை சொல்ல வரவில்லை. ஆனால் குடிக்கிறவனிடம் வாங்கிய காசைப் பிறகு துணி வாங்குகிறவளிடமும் வாங்க ஆரம்பித்தார்கள் என்பதைக் கவனியுங்கள். அரை சதவீதமாகப் பிறந்த அந்தக் குழந்தைதான் பின்னாளில் மாநில சர்க்கார்களின் பெரிய வருமானமாக வளர்ந்தது.

இங்கேதான் பேராசிரியர்கள் வருகிறார்கள். சர்க்காரின் வரவு செலவை ஆராய்வதற்கென்றே ஒரு சாஸ்திரம் உண்டு. பொது நிதி இயல் என்று பெயர். அதில் இந்த நூற்றாண்டு வரை பேர் சொல்லும் ஆள் ரிச்சர்ட் மஸ்கிரேவ். 1910-இல் ஜெர்மனியில் கோனிக்ஸ்டைன் என்ற ஊரில் பிறந்தவர். மூனிக்கிலும் ஹைடெல்பர்க்கிலும் படித்தார். ஹிட்லர் பதவிக்கு வந்த 1933-இல் மேல்படிப்புக்காக அமெரிக்கா போனவர் அங்கேயே தங்கிவிட்டார். ஹார்வர்டில் 1937-இல் டாக்டர் பட்டம் பெற்றார். அந்நாட்டின் மத்திய பாங்கில் வேலை பார்த்தார். பிறகு மிச்சிகன், பிரின்ஸ்டன், ஹார்வர்ட் என்று பல சர்வகலாசாலைகளில் போதித்தார். 1959-இல் அவர் எழுதிய பொது நிதித் தத்துவ நூல் உலகெங்கும் பாடப் புத்தகம் ஆயிற்று. 2007-இல் காலமானார்.

அவர் நம்முடைய கட்சிக்காரர் அல்ல. முதலாளித்துவத்தை ஏற்றுக்கொண்டவர்தான். ஆனால் அவர் கேட்ட கேள்வி நமக்கு உதவுகிறது. வரியை ஆபீசில் போய்க் கட்டுகிற கை ஒன்று, அதைச் சுமக்கிற தலை வேறு. சோப்புக்கு வரி விதித்தால் கம்பெனி கட்டுகிறது. கம்பெனி அதை விலையில் ஏற்றுகிறது. கடைசியில் சுமப்பவர் சோப்பு வாங்குகிறவர். 1948-ஆம் ஆண்டு அமெரிக்க வரிகளை எடுத்துக்கொண்டு, எந்த வருமானக்காரன் வருமானத்தில் எவ்வளவு பங்கு வரியாகப் போகிறது என்று சகாக்களோடு சேர்ந்து தட்டுத் தட்டாகப் பிரித்துக் கணக்கிட்டார். 1951-இல் அதை வெளியிட்டார். வரி கட்டுவது பணக்காரன் மட்டும்தானா என்ற சண்டைக்குக் கணக்கால் பதில் தேடியவர்களில் அவர் ஒரு முன்னோடி.

சர்க்காருக்கு மூன்று வேலை உண்டு என்றும் அவர் வகுத்தார். சந்தையில் விலைக்குக் கிடைக்காததைச் செய்து கொடுப்பது முதல் வேலை. செல்வத்தின் ஏற்றத்தாழ்வைச் சரி செய்வது இரண்டாவது. வேலையில்லாத் திண்டாட்டமும் விலைவாசியும் தலைவிரித்து ஆடாமல் பார்ப்பது மூன்றாவது. முதல் வேலைக்கு ஜெர்மனி போய் உதாரணம் தேட வேண்டாம். 2018 ஆகஸ்டு 22 இரவு முக்கொம்பில் என்ன நடந்தது? 1836-இல் கட்டிய கொள்ளிடம் மேலணையில் ஒன்பது மதகுகள் வெள்ளத்தோடு போயின. ஸ்ரீரங்கத்துத் தோழர்களுக்கு அது மறக்காது. ஒரு வியாபாரி வந்து, "உன் வீட்டுக்கு மட்டும் வெள்ளத் தடுப்பு விற்கிறேன், அடுத்த வீட்டுக்குக் கிடையாது" என்று சொல்ல முடியுமா? அணை நின்றால் மிராசுதாரின் தோப்பும் தப்பும், குடிசையும் தப்பும். ஆகவே பொதுப் பணத்தில் புதிய கதவணை கட்டினார்கள். அந்தப் பொதுப் பணத்தில் உங்கள் காசும் இருக்கிறது.

இன்னொன்று. பள்ளிக்கூடத்துச் சாப்பாடு, ஏழைகளுக்குக் குறைந்த வாடகை வீடு, இலவசக் கல்வி ஆகியவற்றைச் சமூகத்துக்கு வேண்டியது என்ற தகுதியினாலேயே சர்க்கார் கொடுக்க வேண்டும் என்ற வகையில் அவர் சேர்த்தார். பள்ளிச் சாப்பாட்டை உதாரணமாகவே எழுதினார். இங்கே காமராஜர் காலத்தில் மதிய உணவு போடத் தொடங்கியதும் அதே ஐம்பதுகளில்தான். இன்றைக்கு இதைப் பிச்சை போல் பேசுகிறவர்கள் அந்த ஜெர்மன் பேராசிரியரையாவது கொஞ்சம் புரட்டிப் பார்க்கட்டும்.

சரி, அமெரிக்காவில் அவர் செய்தது போல் நம் நாட்டில் யார் கணக்குப் பார்த்தார்கள்? பார்த்தவர்களில் முக்கியமானவர் ஒரு தமிழர். டாக்டர் ராஜா செல்லையா. 1922-இல் பிறந்தவர். அமெரிக்காவில் பிட்ஸ்பர்க்கில் ஆராய்ச்சிப் பட்டம் வாங்கினார். வளர்ச்சி குன்றிய நாடுகளின் நிதிக் கொள்கை பற்றி 1960-இல் நூல் வெளியிட்டார். சர்வதேச நிதி நிறுவனத்தில் இருந்தபோது, ஏழை நாடுகள் தங்கள் சக்திக்குத் தக்க வரி வசூலிக்கின்றனவா, அல்லது இருக்கிற வழியை விட்டுவிட்டுக் கையேந்துகின்றனவா என்று நாடுநாடாக அளந்தார். 1976-இல் டில்லியில் பொது நிதி, கொள்கை ஆராய்ச்சிக்கான தேசிய நிறுவனம் தொடங்கியபோது அதன் முதல் இயக்குநர் அவரே. அங்கே இருந்துகொண்டு, ஆர்.என். லால் என்பவரோடு சேர்ந்து, 1973-74-ஆம் ஆண்டின் மறைமுக வரிகள் எந்தெந்தச் செலவு மட்டத்துக் குடும்பத்தின் மீது எவ்வளவு விழுகின்றன என்று ஆராய்ந்தார். கிராமத்துக் குடும்பம் தனி, பட்டணத்துக் குடும்பம் தனி. மண்ணெண்ணெய், தீப்பெட்டி, துணி, சர்க்கரை என்று வாங்கிய ஒவ்வொன்றிலும் ஒளிந்திருக்கும் வரியைத் தேடிப் பிடிக்கிற வேலை அது. அந்தக் கணக்கில் அடிமட்டத்துக் குடும்பத்துக்கும் ஒரு வரிசை உண்டு. வரியே கட்டாத குடும்பம் என்று ஒன்று அதில் கிடையாது.

அந்த மாதிரிக் கணக்கில் ஒரு குறை இருப்பதையும் சொல்ல வேண்டும். செலவை வைத்து அளந்தால் பணக்காரன் சேமிக்கிற பணம் கண்ணில் படாது. கூலிக்காரன் சம்பாதித்ததை எல்லாம் செலவழிக்கிறான், ஆகவே அவன் வருமானம் முழுவதும் வரி வலைக்குள் நிற்கிறது. பெரிய மனிதர் மிச்சம் பிடித்துப் பங்கு வாங்குகிறார், நிலம் வாங்குகிறார். அது கடைக்காரர் பில்லில் ஏறாது.

1991-இல் மன்மோகன் சிங் நிதி மந்திரியாக இருந்தபோது வரிச் சீர்திருத்தக் கமிட்டிக்குச் செல்லையாவைத் தலைவராகப் போட்டார்கள். 1993 ஜனவரி வரை அறிக்கைகள் வந்தன. அவற்றில் ஒரு பகுதி நல்ல பகுதி, தயங்காமல் சொல்வோம். ஆலைத் தோழர்களுக்கு எளிதில் விளங்கும். சாயத்துக்கு வரி, இயந்திர எண்ணெய்க்கு வரி, நூலுக்கு வரி. இத்தனை வரியும் ஏறிய விலையின் மேல் துணிக்கும் வரி. வரிக்கு மேல் வரி! கடைசியில் வேட்டி வாங்குகிறவனுக்கு எத்தனை வரி கொடுத்தோம் என்றே தெரியாது. ஒவ்வொரு கட்டத்திலும் கூடிய மதிப்புக்கு மட்டும் வரி போட்டு, முன்னால் கட்டியதைக் கழித்துக் கொடு என்று அவர் வாதாடினார். போன், இன்ஷூரன்ஸ் போன்ற சேவைகளுக்கும் வரி போடு என்றார். 1994-இல் அது வந்தது.

மற்ற பகுதியில்தான் நமக்கும் அவருக்கும் தகராறு. வரி விகிதம் காகிதத்தில் உயரமாக இருந்தால் பணக்காரர்கள் ஏய்க்கிறார்கள், ஆகவே குறைத்துவிட்டு ஒழுங்காக வசூல் செய் என்பது அவர் கட்சி. வருமான வரியின் உச்சம் 56 சதவீதத்திலிருந்து 40-க்கு இறங்கியது. ஏய்க்கிறவனைப் பிடிப்பதற்குப் பதில் அவனுக்கு வசதியாக விகிதத்தை இறக்குவது என்ன நியாயம் என்று அன்றே கேட்டவர்கள் உண்டு. செல்வ வரியின் கதை இன்னும் விசேஷம். 1956-இல் கால்டார் என்ற கேம்பிரிட்ஜ் நிபுணர் வந்து சிபாரிசு செய்து, 1957-இல் டி.டி. கிருஷ்ணமாச்சாரி கொண்டு வந்த வரி அது. உற்பத்தியில் ஈடுபடாத சொத்துக்கு மட்டும் அதை வைத்துக்கொள்ளலாம் என்றது செல்லையா கமிட்டி. அப்படியே செய்தார்கள். கம்பெனிப் பங்குகள் விலகிவிட்டன. நகை, கார், பட்டணத்துக் காலி மனை போன்றவைதான் மிச்சம். 2015 பட்ஜெட்டில் அருண் ஜேட்லி என்ன சொன்னார்? 2013-14-இல் வசூல் வெறும் 1,008 கோடி, வசூலிக்கிற செலவுதான் அதிகம் என்று சொல்லி அந்த வரியையே எடுத்துவிட்டார். பெரும் வருமானக்காரருக்கு இரண்டு சதவீதம் உபரி வரி போட்டார் என்பதையும் சேர்த்துச் சொல்கிறோம். ஆனால் பானையில் ஓட்டை போட்டுவிட்டுப் பிறகு பானையில் தண்ணீர் நிற்கவில்லை என்று உடைத்தது போலத்தான் இது இருக்கிறது. 2019 செப்டம்பரில் கம்பெனி வரியை 22 சதவீதத்துக்கு இறக்கினார்கள். அதனால் ஆண்டுக்கு 1,45,000 கோடி ரூபாய் வரவு குறையும் என்று சர்க்காரே சொன்னது.

செல்லையா கடைசிக் காலத்தில் வறுமையைப் பற்றியும் எழுதினார். சென்னைப் பொருளாதாரப் பள்ளியை உருவாக்கியவர்களில் அவர் முதல்வர். 2009-இல் மறைந்தார். அவர் சொன்ன கழித்துக் கொடுக்கும் முறையே வளர்ந்து 2017 ஜூலை 1-இல் ஜி.எஸ்.டி. ஆயிற்று. சட்டத்தின் எலும்புக்கூடு சரி. எந்தப் பண்டத்துக்கு எவ்வளவு என்பதில்தான் வர்க்கம் தெரிகிறது. 2022 ஜூலை 18 முதல் பையில் அடைத்துப் பெயர் ஒட்டிய அரிசிக்கு, 25 கிலோ வரை, ஐந்து சதவீதம் வரி வந்தது. உடனே 26 கிலோ மூட்டை முளைத்தது! ஆலைக்காரர்கள் கெட்டிக்காரர்கள். ஆனால் ஐந்து கிலோ, பத்து கிலோ என்று வாங்குகிறவளுக்கு அந்தக் கெட்டிக்காரத்தனம் எங்கிருந்து வரும்? 26 கிலோவுக்கு மொத்தமாகப் பணம் வேண்டாமா? சோப்புக்கும் தலை எண்ணெய்க்கும் 18 சதவீதம் வாங்கிக்கொண்டிருந்தவர்கள் 2025 செப்டம்பர் 22 முதல்தான் ஐந்தாக்கினார்கள். எட்டு வருஷத்துக்கு மேல் வாங்கிய பிறகு!

அந்த ஐந்தையும் ஒரு கணக்குப் போடுவோம். 105 ரூபாய்க்குச் சாமான் வாங்கினால் அதில் வரி ஐந்து ரூபாய். மாதம் 8,000 ரூபாய் சம்பாதிக்கும் சகோதரியும் கட்டுகிறாள், மாதம் இரண்டு லட்சம் வரும்படி உள்ளவரும் கட்டுகிறார். அவளுக்கு அது வருமானத்தில் 1,600-இல் ஒரு பங்கு. அவருக்கு 40,000-இல் ஒரு பங்கு. அவரைப்போல் இருபத்தைந்து மடங்கு பாரம் அவள் தலையில். அவர் சாமான் அதிகம் வாங்குவார் என்பீர்கள். வாங்கட்டும், இருபத்தைந்து மடங்கு சோப்பா தேய்த்துக் குளிக்கப் போகிறார்?

வருமான வரி கட்டுகிறவர்கள் சிலர், உண்மை. வரி கட்டுகிறவர்கள் சிலர் என்பது பொய்.

ஒரு வேலை தருகிறோம். கடையில் அச்சடித்த பில் கேட்டு வாங்குங்கள். அடியில் சி.ஜி.எஸ்.டி. என்று ஒரு வரி இருக்கும், அது டில்லிக்கு. எஸ்.ஜி.எஸ்.டி. என்று இன்னொன்று இருக்கும், அது சென்னைக்கு. இரண்டும் சம தொகையாக இருக்கும். ஒரு மாதத்துப் பில்களைச் சேர்த்து வைத்து அடுத்த கூட்டத்துக்குக் கொண்டு வாருங்கள். எழுதப் படிக்கத் தெரிந்த பிள்ளைகளையும் கூட்டி வாருங்கள். உட்கார்ந்து கூட்டிப் பார்ப்போம்.