பிரபு வேஷமும் நெல் குற்றியவள் கணக்கும்

(வடசென்னைத் தொழிலாளர் பகுதியிலுள்ள ஒரு படிப்பகத்தில் ஆற்றிய சொற்பொழிவு)



இன்று நாம் பேச எடுத்துக் கொண்டிருக்கும் விஷயம் உங்களில் சிலருக்கு வேடிக்கையாகத் தோன்றலாம். ஜாதியைப் பற்றியும் புராணத்தைப் பற்றியும் பேச வேண்டிய மேடையில் கம்ப்யூட்டர் விளையாட்டைப் பற்றிப் பேசுவதா என்று முன்வரிசையில் இருக்கும் பெரியவர்கள் நினைக்கக்கூடும். ஆனால் அந்தப் பெரியவர்கள் வீட்டுப் பிள்ளைகள் இராயபுரத்திலும், திருவொற்றியூரிலும், எண்ணூரிலும் இராத்திரி ஒரு மணி வரையில் கண் விழித்துக் கொண்டு எந்தெந்த நாட்டுக்கு ராஜாவாக இருக்கிறார்கள் என்பது அவர்களுக்குத் தெரியாது. தெரிந்து கொண்டால், ஜாதியும் புராணமும் அங்கேயும் போய்ச் சம்மணம் போட்டு உட்கார்ந்திருக்கும் சங்கதி விளங்கும்.

முதலில் கதையைச் சொல்லி விடுகிறோம். அமெரிக்காவில் ஜார்ஜ் மார்ட்டின் என்ற எழுத்தாளர் ஒரு பெரிய கற்பனைக் கதையை எழுதி வருகிறார். அதன் முதல் புத்தகம் வந்தது 1996இல். நெருப்புக் கக்கும் டிராகன், செத்தவன் எழுந்து நடப்பது, மந்திரம், சூனியம் எல்லாம் அதில் உண்டு. நமது புராணக்காரர்களைப் போல இதெல்லாம் நடந்தது என்று அவர் சொல்லவில்லை. கற்பனை என்று சொல்லித்தான் விற்கிறார். அந்த மட்டிலும் அவர் யோக்கியர். 2011 முதல் 2019 வரை அது ‘கேம் ஆஃப் திரோன்ஸ்’ என்ற பெயரில் டெலிவிஷனில் வந்து உலகமெல்லாம் ஓடியது. சில பெரிய பிரபு குடும்பங்கள் ஒரு சிம்மாசனத்துக்காக ஒருவரையொருவர் வெட்டிக் கொள்வதே அதன் சாரம்.

அந்தக் கதையை வைத்து டெல்டேல் என்ற அமெரிக்கக் கம்பெனி 2014இல் ஒரு விளையாட்டைச் செய்தது. ஆடுகிறவர் ஃபாரஸ்டர் என்ற ஒரு சிறு பிரபு குடும்பமாகவே ஆகிவிட வேண்டும். ஒரு சமயம் மகன், ஒரு சமயம் அவன் தம்பி, ஒரு சமயம் அரண்மனையில் ராணியம்மாளுக்குத் தோழியாக இருக்கும் மகள். யாரை நம்புவது, யார் காலில் மண்டியிடுவது, யாரைப் பழி வாங்குவது என்பதை நீங்களே தீர்மானிக்க வேண்டும். குடும்பத்தின் ஆஸ்தி என்னவென்றால் ஒரு காடு. அதில் இரும்பைப் போல் உறுதியான ஒரு மரம் விளைகிறது. அந்த மரத்தில்தான் அவர்களுடைய பிரபுத்துவம் நிற்கிறது.

சரி, மரத்தை வெட்டுகிறவன் எங்கே? அவனாக இருந்து ஆட முடியுமா என்றால் முடியாது. பன்றி வளர்க்கிறவன் மகன் ஒருவனாக ஆடுவதற்கு இடம் கொடுத்திருக்கிறார்கள். அதை நாம் மறைக்கவில்லை. ஆனால் அவனுக்குக் கொடுத்திருக்கும் வேலை, செத்துப்போன எஜமானன் ஒப்படைத்த இரகசியத்தைச் சுமந்து கொண்டு பனியிலும் குளிரிலும் அலைவது. இந்தப் பிரபு கதையைச் செய்த கம்பெனி 2018 செப்டம்பரில் சுமார் 250 தொழிலாளர்களை ஒரே நாளில் வீட்டுக்கு அனுப்பியது. ஈட்டுத்தொகை ஒரு காசும் இல்லை. துறைமுகத்திலும் ஆலையிலும் காண்டிராக்டில் உழைக்கிற உங்களுக்கு இதை நாம் விளக்க வேண்டுமா?

இதைவிடப் பெரிய விளையாட்டு ஒன்றிருக்கிறது. ஸ்வீடன் தேசத்து ஸ்டாக்ஹோமில் உள்ள பாரடாக்ஸ் என்ற கம்பெனி ‘குருசேடர் கிங்ஸ்’ என்பதன் இரண்டாம் பாகத்தை 2012இல் வெளியிட்டது. இதில் நீங்கள் ஒரு மனிதனாக ஆடுவதில்லை, ஒரு வம்சமாக ஆடுகிறீர்கள். அரசன் செத்தால் அவன் வாரிசாக எழுந்து தொடர்கிறீர்கள். நாடும் பட்டமும் பெற வாரிசு இல்லாமற் போனால் ஆட்டம் அதோடு முடிந்தது. பிள்ளையில்லாதவனுக்குப் ‘புத்’ என்னும் நரகம் என்று நமது சாஸ்திரக்காரன் எழுதி வைத்ததற்கும் இதற்கும் அதிக தூரமில்லை! மார்ட்டின் கதையையும் இரசிகர்களே இதற்குள் பொருத்தி, காசு வாங்காமல் கொடுத்தார்கள். கற்பனை நாட்டின் பிரபு குடும்பங்களில் பிடித்ததை எடுத்துக் கொண்டு ஆளலாம். குடிகள்? வரி என்று ஒரு எண், படை என்று ஒரு எண். அவ்வளவுதான் குடிகள். மூன்றாம் பாகம் 2020இல் வந்து, 2024இல்தான் நிலமில்லாதவனாகவும் ஆடலாம் என்று வழி விட்டார்கள். அவனும் ஆள் சேர்த்துக் கொண்டு பட்டம் தேடி அலைகிற சாகசக்காரனே ஒழிய, ஏர் பிடிக்கிறவன் அல்ல.

இனிமேல்தான் நமது விஷயம் வருகிறது. இரண்டாம் பாகத்தோடு 2014இல் இந்தியாவையும் சேர்த்தார்கள். இந்து ராஜா வந்ததும் என்ன வந்தது தெரியுமா? வருணம் வந்தது. பிராமணர், சத்திரியர், வைசியர் என்று பாத்திரங்களுக்கு முத்திரை. கலந்து பிறந்த பிள்ளைக்குத் தாய் தந்தையரில் எவர் தாழ்ந்தவரோ அவர் முத்திரை. நாலாவது ஒன்று உண்டே, அது எங்கே? அதற்கு முத்திரையே கிடையாது. ஜனத்தொகையில் பெரும்பாலாரான சூத்திரர்களும், அவர்களுக்கும் வெளியே தள்ளப்பட்டவர்களும், ஆடத் தகுதியுள்ள மனிதர் பட்டியலிலேயே இல்லை. ஸ்டாக்ஹோம்காரன் மேல் நமக்குக் கோபமில்லை. ராஜாக்கள் அப்படித்தானே ஆண்டார்கள், உள்ளதைத்தானே செய்தான் என்று சொல்வீர்கள். வாஸ்தவம். ஆனால் திருவொற்றியூரில் பிறந்த வாலிபன், தனக்கு முத்திரையே இல்லாத ஒரு ஆட்டத்தில் சத்திரிய முத்திரையைக் குத்திக் கொண்டு, கீழ்ஜாதிச் சம்பந்தம் வந்து வம்சம் கெடக் கூடாதே என்று இராத்திரி ஒரு மணிக்குக் கவலைப்படுகிறானே, அதைத்தான் கேட்கிறோம். ஜமீன் ஒழிப்புச் சட்டம் 1948இல் வந்தது. மன்னர் மானியத்தை 1971இல் நிறுத்தியாயிற்று. இவன் காசு கொடுத்து ஜமீன் வாங்குகிறான்!

“விளையாட்டுத்தானே ஐயா, வேஷம் போட்டால் புத்தி கெட்டு விடுமா?” என்று ஒரு தோழர் முன்னமே கேட்டார். வேஷம் போடுவதற்கு நாம் விரோதியல்ல. 1940களில் அறிஞர் அண்ணா ‘சிவாஜி கண்ட இந்து ராஜ்யம்’ என்ற நாடகத்தை எழுதினார். சத்திரியன் அல்ல என்று பட்டாபிஷேகம் செய்து வைக்க மறுக்கப்பட்டு, காசியிலிருந்து காகப்பட்டரை வரவழைத்து, 1674இல் முடி சூட்டிக் கொண்டானே சிவாஜி, அந்த அவமானம்தான் நாடகம். ராஜா வேஷம் போட்டவர் கணேசன் என்ற ஏழைக் குடும்பத்துப் பையன். பெரியார் அவரைச் சிவாஜி என்று அழைக்க, அதுவே அவர் பெயராக நிலைத்தது. அந்த வேஷத்தைப் பார்த்தவன், கத்தியால் நாட்டைப் பிடித்தவனுக்குக்கூட முடி சூட்டிக் கொள்ள இன்னொருவன் தயவு ஏன் வேண்டும் என்று கேட்டுக் கொண்டே வீட்டுக்குப் போனான். வம்சத்துக்கு வாரிசு தேடுகிற இந்த ஆட்டத்தில் அந்தக் கேள்விக்கு இடம் எங்கே?

போகட்டும், நமது வடசென்னையில் பரம்பரை என்றால் என்ன அர்த்தம்? சார்பட்டா பரம்பரை, இடியாப்ப நாயக்கர் பரம்பரை என்று குத்துச்சண்டைக்காரர்கள் சொன்னது எந்த இரத்தத்தை? துறைமுகத்தில் மூட்டை தூக்கியவனும் கட்டுமரம் ஏறியவனும் வாத்தியாரிடம் போய்ப் பயின்று, மூக்கில் குத்து வாங்கி, அதனால் அந்தப் பரம்பரை ஆனார்கள். 2021இல் வந்த சினிமாவால் இதை ஊரெல்லாம் தெரிந்து கொண்டது. அப்படி ஒரு பரம்பரையை வைத்து நம் பிள்ளைகளில் ஒருவன் ஒரு விளையாட்டைச் செய்தால், முதலில் வாங்கி ஆடுகிறவர்கள் நாமாக இருப்போம். கை விரல்தான் கொஞ்சம் மெதுவாக ஓடும்.

கடைசியாகச் சோழ வம்சம். அந்த ஆட்டத்தில் 1066இல் தொடங்கினால் சோழனாகவே ஆளலாம். நம் வாலிபர்கள் அதைத்தான் எடுக்கிறார்கள், அதிலே ஒரு பெருமை. சோழன் வரவு செலவைப் பார்க்க ஸ்டாக்ஹோமுக்குப் போவானேன்? திருவொற்றியூர்க் கோயில் இராஜேந்திர சோழன் காலத்தில் கல்லால் எடுத்துக் கட்டப்பட்டது. அங்கே சோழர் காலக் கல்வெட்டுகள் ஏராளம். நிலம் கொடுத்தது, விளக்குக்கு ஆடு கொடுத்தது என்பவற்றோடு, நெல் குற்றுவதற்காகப் பெண்களையும் அவர்கள் வழிவழி வரும் சந்ததியாரையும் கோயிலுக்குத் தானமாகக் கொடுத்த செய்தியும் இருக்கிறது. வழிவழி என்பதைக் கவனியுங்கள். ராஜாவின் பிள்ளைக்குப் பட்டம் போனது போலவே இவள் பிள்ளைக்கு உலக்கை போயிற்று. அதுவும் ஒரு வம்சம்தான். அந்த வம்சமாக ஆட எவனும் இதுவரை ஒரு விளையாட்டுச் செய்யவில்லை.

வருகிற ஞாயிற்றுக்கிழமை காலை கல்வெட்டு படிக்கத் தெரிந்த தோழர் ஒருவர் வருகிறார். சோழனாக ஆளுகிற வாலிபர்கள் அத்தனை பேரும் ஏழு மணிக்குத் திருவொற்றியூர்த் தேரடியில் வந்து நிற்க வேண்டும். சுயமரியாதைக்காரன் கோயிலுக்குப் போகலாமா என்று யாரும் நம்மைக் கேட்க வேண்டாம். நாம் பார்க்கப் போவது சுவரை.