ஒளியும் மறைவும்: காமிராக் கலைஞர் ஜாக் ஹில்டியார்டு

திரைப்படம் முடிந்து வெளியே வரும்போது நாம் நடிகரைப் பாராட்டுகிறோம். டைரக்டரின் பெயரையும் கேட்டு வைத்துக்கொள்கிறோம். ஆனால், அந்த நடிகரின் முகத்தில் ஒளி எவ்வளவு விழவேண்டும், நிழல் எங்கே நிற்கவேண்டும் என்று தீர்மானித்தவர் யார் எனக் கேட்போர் நம்மில் மிகச் சிலரே. அப்படி நாம் கேட்காமல் விட்ட பெயர்களுள் ஒன்று ஜாக் ஹில்டியார்டு.

1908-இல் லண்டனில் பிறந்த ஹில்டியார்டு, 1930-களில் பிரிட்டிஷ் ஸ்டூடியோக்களில் பணியைத் தொடங்கினார். ஒளியமைப்பைத் திட்டமிடுபவர் ஒருவர். அவர் சொற்படி காமிராவை இயக்குபவர் வேறொருவர். ஹில்டியார்டு நெடுநாள் இந்த இரண்டாவது இடத்திலேயே இருந்தார். பெர்னார்டு ஷாவின் நாடகத்தைத் தழுவிய 'பிக்மாலியன்' (1938), லாரன்ஸ் ஒலிவியரின் 'ஐந்தாம் ஹென்றி' (1944) ஆகிய படங்களில் காமிராவை இயக்கினார். பிறர் வகுத்த ஒளியில் பிறர் கூறிய காட்சியைப் பிழையின்றிப் பிடிக்கும் இப்பயிற்சியே அவருடைய கல்விக்கூடம் எனலாம்.

'பிக்மாலியன்' படத்தின் தொகுப்பாளர் டேவிட் லீன் பின்னாளில் பெரும் டைரக்டராக விளங்கினார். 1952 முதல் 1957 வரையில் அவருடைய நான்கு படங்களுக்கு ஹில்டியார்டே ஒளிப்பதிவு செய்தார். அவற்றுள் 'ஹாப்ஸன்ஸ் சாய்ஸ்' (1954) கறுப்பு வெள்ளைப் படம். சால்ஃபோர்டு நகரத்துச் செருப்புக் கடைக்காரர் ஒருவர், குடிமயக்கத்தில், மழைநீர் தேங்கிய குட்டைகளில் தெரியும் நிலவைத் துரத்திக்கொண்டு தள்ளாடுகிறார். ஈரக் கல் பாவிய தெரு, இருள், நீரில் மிதக்கும் ஒரு வெண்வட்டம், அவ்வளவுதான். சிரிப்பும் இரக்கமும் ஒருங்கே எழுகின்றன. அடுத்த ஆண்டு வந்த 'சம்மர்டைம்' வெனிஸ் நகரிலேயே எடுத்த வண்ணப்படம். அங்கே கால்வாய் நீரும் கோடை வெயிலும்தான் அவருக்குக் கருவிகள். இவ்விரு படங்களையும் எடுத்தவர் ஒருவரே என்று சொன்னால் நம்புவது கடினம். தமக்கென ஒரு முத்திரையைப் பதிக்காமல், கதைக்கு வேண்டிய ஒளியைத் தேடித் தருவதே அவருடைய முத்திரை.

அவருக்குப் புகழ் தந்தது 'குவாய் ஆற்றுப் பாலம்'. 1957-இல் வெளியான இப்படத்தின் கதை சயாம் நாட்டில் நிகழ்வது. படமானதோ இலங்கையில், களனி கங்கைக் கரையிலுள்ள கித்துல்கலவில். வெப்பநாட்டுக் காட்டில் வெயில் கண்ணைக் கூசச் செய்யும். இரண்டடி தள்ளி மரநிழலோ இருண்டு கிடக்கும். இரண்டையும் ஒரே சட்டத்தில், அதுவும் சினிமாஸ்கோப்பின் அகன்ற திரைக்கேற்ப அடக்கவேண்டும். பாலம் தகரும் காட்சிக்கு ஒத்திகை ஏது? உண்மையான பாலம்; உண்மையான ரயில். 1957 மார்ச்சில் நடந்த முதல் முயற்சியில், காமிராக்காரர் ஒருவர் பத்திரமான இடத்துக்குப் போய்ச் சேராததால் வெடியை வெடிக்காமல் நிறுத்தினார்கள். ரயில் மட்டும் பாலத்தைக் கடந்தோடி மோதி நின்றது. அதைச் சீர்செய்து மீண்டும் ஓட்டியபோதுதான் காட்சி கிடைத்தது. அப்படம் பெற்ற ஏழு ஆஸ்கார் பரிசுகளுள் ஒளிப்பதிவுக்கான பரிசு ஹில்டியார்டுக்கு உரியதாயிற்று.

இவ்விடத்தில் நாம் சற்று நின்று சிந்திக்கவேண்டும். அந்த சயாம் - பர்மா ரயில்பாதை கற்பனையன்று. ஏறத்தாழ 415 கிலோமீட்டர் நீளமுள்ள அதனை ஜப்பானிய ராணுவம் 1942-43-இல் அமைத்தது. நேசநாட்டுப் போர்க்கைதிகள் சுமார் 60,000 பேர் அதில் உழைத்தனர். அவர்களுள் 12,000 பேருக்கு மேல் மாண்டனர். ஆசியத் தொழிலாளரின் எண்ணிக்கையோ அதைப்போல் பல மடங்கு. அவர்களுள் மாண்டோரும் பல்லாயிரவர். மலாயாவின் ரப்பர்த் தோட்டங்களிலிருந்து சென்ற தமிழர்கள் அவர்களிடையே பெருந்தொகையினர். காலராவும் பசியும் அவர்களைக் கொண்டுபோயின. காஞ்சனபுரிக் கல்லறைத் தோட்டத்தில் போர்க்கைதிகளுக்கு ஏறத்தாழ 7,000 கல்லறைகள் வரிசையாக நிற்கின்றன. தமிழ்த் தொழிலாளருள் பெரும்பாலோர்க்குப் பெயர் பொறித்த கல் ஒன்றும் இல்லை. உலகம் போற்றிய அந்தப் படத்திலும் அவர்களுடைய கதை இல்லை.

இது ஹில்டியார்டின் குற்றமன்று. கதை எங்கே காட்டச் சொல்கிறதோ அங்கேதான் காமிரா திரும்பும். ஆயினும், ஒளி எவ்வளவு அழகாக விழுகிறதோ, அவ்வளவு எளிதில் அதற்கு வெளியே நிற்பவர்களை நாம் மறந்துவிடுகிறோம். பிழைப்புக்காக ஊரைவிட்டு வந்து, பிற மாநிலங்களில் பாலமும் பாதையும் மாளிகையும் எழுவதைக் காணும் நமக்கு இதை விளக்கவேண்டுவதில்லை.

பின்னாளில் அதே கலைஞருக்கு நேர்மாறான ஒரு சோதனை வாய்த்தது. இஸ்லாத்தின் தோற்றத்தைக் கூறும் 'தி மெசேஜ்' 1976-இல் வெளிவந்தது. அதில் நபிகள் நாயகத்தின் உருவம் காட்டப்படவில்லை; குரலும் ஒலிக்கவில்லை. சில காட்சிகளில் காமிராவே அவர் நிற்குமிடத்தில் நிற்க, மற்றவர்கள் அதை நோக்கிப் பேசுகிறார்கள். காணாத ஒருவர் அங்கே இருக்கிறார் என்ற உணர்வைப் பார்ப்பவர் மனத்தில் எழுப்பவேண்டும். ஹில்டியார்டின் காமிரா அதைச் செய்தது.

ஆகவே, திரையில் காணாமை இருவகைப்படும். ஒன்று, மதிப்பினால் மறைப்பது. அங்கே காணாதவரே கதை முழுதும் நிறைந்திருக்கிறார். மற்றொன்று, நினையாமையால் விடுவது. அங்கே இருந்தவரும் இல்லாதவர் ஆகிறார். 1990-இல் மறைந்த ஹில்டியார்டின் வாழ்க்கையில் இவ்விரண்டும் அருகருகே நிற்கின்றன. இனி 'குவாய் ஆற்றுப் பால'த்தைக் காண நேர்ந்தால், அவர் தந்த ஒளியை மனமார வியப்போம். அந்த ஒளி எட்டாத இடத்தில் மண்வெட்டியுடன் நின்றவர்களையும், படம் முடியுமுன் ஒருமுறை நினைத்துக்கொள்வோம்.