கடலும் ஓய்வும்
(ஏழாயிரம்பண்ணையில் பேசியது)



இந்தக் கரிசல் ஊரில் கடலைப் பற்றிப் பேச என்ன இருக்கிறது என்று சிலர் நினைக்கலாம். நம்மில் அநேகர் கடலைப் பார்த்தது திருச்செந்தூரில்தான். எதற்காகப் போனோம்? நேர்த்திக்கடனுக்கு, மொட்டை போட, பாவம் கழிய முழுக்குப் போட. ஆனால் உள்ளபடி சொன்னால் முழுக்கு ஒரு நிமிஷம். பிள்ளைகள் அலையில் குதித்ததும், பெண்கள் அடுப்படியை மறந்து மணலில் காலை நீட்டி உட்கார்ந்ததுமே சாயந்திரம் முழுவதும். ஊருக்கு வந்து சொன்னதோ சாமி கும்பிட்டு வந்தோம் என்று! ஓய்வெடுத்தோம் என்று சொல்ல நமக்கு அவ்வளவு வெட்கம்.

சாஸ்திரக்காரர்கள் கடலையும் விட்டார்களில்லை. பர்வ தினமல்லாத நாளில் கடலைத் தொடாதே என்றார்கள். கப்பலேறினால் ஜாதி போகும் என்றார்கள். உப்புத் தண்ணீருக்கும் பஞ்சாங்கம்!

வெள்ளைக்காரனும் முற்காலத்தில் கடலுக்குப் பயந்தவனே. 1750-இல் ரிச்சர்டு ரஸ்ஸல் என்ற வைத்தியர், கடல் நீர் வியாதிக்கு நல்லது என்று புஸ்தகம் எழுதினார், குடிக்கவுங்கூடச் சொன்னார்! அதை நம்பிப் பணக்காரர்கள் பிரைட்டன் என்ற ஊருக்குப் போனார்கள். வைத்தியம் போய்விட்டது, உல்லாசம் நின்றது. 1841-இல் லண்டனிலிருந்து அங்கே ரயில் வந்தது. 1871-இல் பார்லிமெண்டு பாங்கி விடுமுறைச் சட்டம் செய்தது. ஆகவே கூலிக்காரனுக்குக் கடற்கரையைத் திறந்துவிட்டது எந்தக் கடவுளுமல்ல; ரயிலும் லீவு நாளுந்தான்.

சென்னையில் 1884-இல் கவர்னர் கிராண்ட் டப், கடலோரம் உலாவப் பாதை போட்டு, சிசிலித் தீவின் ஞாபகமாக மெரினா என்று பேர் வைத்தார். அங்கே சுண்டல் வாங்கக் கோத்திரம் கேட்பாரில்லை. அதில் நமக்கு மெத்த சந்தோஷம். ஆனால் அதே மணல் மீனவர்களுக்குப் பிழைப்பு நடக்கும் இடம். 1985-இல் கடற்கரையை அழகுபடுத்துவதாகச் சொல்லி அவர்களுடைய கட்டுமரங்களையும் வலைகளையும் அப்புறப்படுத்தப்போய், போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் மீனவர்கள் செத்தார்கள். ஒருவன் காற்று வாங்க இன்னொருவன் பிழைப்பை வாரிக்கொட்டுவது என்ன நியாயம்?

இனி நம் ஊர்க் கதை. 1948-ஆம் வருஷத்துப் பாக்டரி சட்டம் வாரம் ஒரு நாள் விடுமுறை தந்தது. வருஷத்தில் 240 நாள் வேலை செய்தவருக்கு, மறு வருஷம் 20 நாளுக்கு ஒரு நாள் வீதம் சம்பளத்தோடு லீவும் எழுதி வைத்தது. வீட்டுத் திண்ணையில் வெடிக்குழாய் உருட்டும் பெண்ணுக்கு எது பாக்டரி? உருப்படிக் கணக்கில் கூலி வாங்குகிறவளுக்குக் கடலுக்குப் போன நாள் கூலியில்லாத நாள்.

அடுத்த தடவை திருச்செந்தூருக்கு வண்டி பிடிக்கிறவர்கள், போக்குவரத்துச் செலவு எவ்வளவு, கூலி நஷ்டம் எவ்வளவு என்று ஒரு சீட்டில் எழுதுங்கள். அந்தச் சீட்டை உண்டியலில் போட்டுவிடாமல், நாலு பேராய்ச் சேர்ந்து முதலாளியிடம் கொண்டுபோய்க் காட்டுங்கள்.